போதியோ என்னும் வினா: பூம்பாவைப் பதிகத்தில் ஒலியும் காலமும்

பாட்டொலி உலகின் இயல்பை மாற்றவல்லது என்னும் கொள்கை தமிழ்ச் சமய இலக்கியத்தில் வேரூன்றிய ஒன்றாகும். மறைக்காட்டில் அடைத்த கதவு பாட்டினால் திறந்தது என்றும், திருமருகலில் அரவு தீண்டிய வணிகன் பாட்டினால் உயிர்பெற்று எழுந்தான் என்றும் பெரியபுராணம் கூறும். இவற்றில் பாட்டு ஒரு பொருளின் நிலையை மாற்றுகின்றது. காலத்தின் போக்கைத் தொடவில்லை. திருமயிலையில் நிகழ்ந்ததாகக் கூறப்படுவதோ வேறு வகையினது. ஆண்டுகள் சில முன்னரே இறந்து, எரியூட்டப்பெற்று, என்பும் சாம்பருமாய்க் குடத்தில் அடைந்து கிடந்த ஒரு சிறுமி, திருஞானசம்பந்தர் பாடப்பாட உருப்பெற்று எழுகின்றாள். எழுந்தபோது இறந்த நாளின் அகவையினளாக எழவில்லை. குடத்துட் கிடந்த ஆண்டுகளையும் கூட்டி வளர்ந்தவளாக எழுகின்றாள். ஈண்டுப் பாட்டு வென்றது இறப்பை மட்டும் அன்று. இழந்த காலத்தையும் அது மீட்டுத் தந்தது.

இப்பதிகத்தை இதுகாறும் ஆராய்ந்தோர் பெரும்பாலும் இரு வழியிற் சென்றனர். ஒரு சாரார் இதனை அற்புதச் செயலுக்குச் சான்றாகக் கொண்டு போற்றினர். மற்றொரு சாரார் 7ஆம் நூற்றாண்டுத் திருக்கோயில் விழாக்களை அறிதற்குரிய வரலாற்றுக் கருவியாகக் கொண்டனர். இரண்டும் பயனுடையனவே. ஆயினும் இவ்விரண்டிற்கும் இடையே, பாட்டு பாட்டாக நின்று என்ன செய்கின்றது என்னும் வினா விடுபட்டுப் போயிற்று. அற்புதம் நிகழ்ந்ததா இல்லையா என்பது இலக்கியத் திறனாய்வு முடிவு செய்தற்குரியதன்று. காலத்தை மாற்றும் ஆற்றலை இப்பாட்டின்மேல் ஏற்றிக் கூறுதற்குப் பாட்டினுள்ளேயே இடம் உண்டா என்பதே நாம் ஆராயத்தக்கது.

மந்திரமும் வினாவும்

ஒலியால் ஒன்றை நிகழ்விப்பது எனின் மந்திரமே முதற்கண் நினைவிற்கு வரும். மந்திரத்திற்குத் தொல்காப்பியர் செய்யுளியலில் இலக்கணம் கூறுகின்றார். நிறைமொழி மாந்தர் தம் ஆணையாற் கிளந்த மறைமொழி மந்திரம் என்பது அவர் கருத்து. ஆணை என்னும் சொல்லை ஈண்டு உற்று நோக்குதல் வேண்டும். மந்திரம் ஏவும் மொழி; கேட்கும் மொழியன்று. ஆதலின் இறந்தவளை எழுப்பும் பாட்டு, எழுக என்றோ வருக என்றோ ஏவல் வினை கொண்டு முடியும் என நாம் எதிர்பார்ப்போம்.

2ஆம் திருமுறையில் 47ஆம் பதிகமாகச் சீகாமரப் பண்ணில் அமைந்துள்ள இப்பதிகம் அவ்வாறு முடியவில்லை. பத்துப் பாடல்களிலும் ஈற்றடி ஒரு வினாவாகவே முடிகின்றது. இன்ன சிறப்பைக் காணாமலே போகின்றாயோ, பூம்பாவாய், என்பது அவ்வினாவின் பொருள். காணாதே என்னும் எதிர்மறை எச்சமும், போதியோ என்னும் ஓகார வினா ஏற்ற முற்றும், பூம்பாவாய் என்னும் விளியும் பாடல்தோறும் மீண்டும் மீண்டும் வருகின்றன. ஆணையின் இடத்தில் வினா நிற்பது இப்பதிகத்தின் முதற்பெருஞ் சிறப்பாகும்.

அவ்வினாவின் முற்றுச் சொல்லை இன்னும் சிறிது நுணுகி நோக்குவோம். போதி என்பது இகர ஈற்று முன்னிலை ஒருமை வினைமுற்று. அது போயினை என இறந்தகாலம் காட்டும் சொல்லன்று. போகின்றாய், போவாய் என நிகழ்வும் எதிர்வும் தழுவி நிற்பது. புராணச் செய்தியை இதனோடு பொருத்திக் காணுங்கால் வியப்பு மேலிடுகின்றது. அவள் போய் ஆண்டுகள் ஆயின. உடலும் எரிந்து நீறாயிற்று. எனினும் புலவர் போயினையோ என்று கேட்கவில்லை. போகும் செயல் இன்னும் முடியாதது போலவும், வாயிற்படியில் நிற்பவளை மறித்துக் கேட்பது போலவும் போதியோ என்கின்றார். முடிந்துவிட்ட இறப்பு முடியாத செயலாக மாற்றப்படுகின்றது. காலம் முதலில் மாறுவது குடத்தினுள் அன்று, வினைச்சொல்லினுள் என்க.

கையறுநிலையின் மொழி

இறப்பை முன்னிறுத்தி வினவும் மொழி தமிழுக்குப் புதியதன்று. கையறுநிலைப் பாடல்களில் அது பெருவழக்கு. ஒல்லையூர் கிழான் மகன் பெருஞ்சாத்தன் இறந்தபின் குடவாயிற் கீரத்தனார் பாடிய புறநானூற்று 242ஆம் பாடலை ஈண்டு ஒப்புநோக்கலாம். சூடுவாரும் இன்றி, பாடும் பாணனும் இன்றி, அந்நாடே அவலமுற்றிருக்கும் காலத்தில் முல்லை தன் பருவம் தவறாது பூக்கின்றது. புலவர் அம்முல்லையை நோக்கிப் பூத்தியோ என வினவுகின்றார். பூத்தியோ, போதியோ என்னும் இரண்டும் முன்னிலை ஒருமை இகர ஈற்று வினை. இரண்டும் ஓகார வினா ஏற்றவை. இரண்டும் இறப்பின் முன்னிலையில் எழுந்தவை.

ஒற்றுமை இவ்வளவே, வேற்றுமையே பெரிது. சங்கப் புலவர் இறந்தவனைக் கேட்கவில்லை. அவன் விடை கூறான் என்பதை அறிந்து பூவைக் கேட்கின்றார். பருவம் வருகின்றது, அதனைத் துய்த்தற்குரியவன் இல்லை என்னும் முரணே அப்பாட்டின் உயிர். சம்பந்தரும் அதே முரணைத்தான் எடுத்துக்கொள்கின்றார். விழாக்கள் முறைப்படி வருகின்றன; காணவேண்டியவள் இல்லை. ஆனால் அவர் விழாவை நோக்கி, நீயும் வந்தாயோ என்று கேட்கவில்லை. இல்லாதவளை நோக்கியே கேட்கின்றார். முன்னையது விடையில்லை என அறிந்து கேட்ட வினா. பின்னையது விடை உண்டு எனத் துணிந்து கேட்ட வினா. ஒப்பாரியின் இலக்கணம் அழைப்பின் இலக்கணமாக மாறும் இடம் இது.

பதிகத்தின் கால அடைவு

இனி, காணாது போகலாகாது என்று புலவர் எவற்றை எடுத்துக் காட்டுகின்றார் என்பதை நோக்குவோம். முதற்பாடல் அடியார்க்கு அமுதளித்தலைக் கூறுகின்றது. இரண்டாம் பாடல் தொடங்கி விழாக்கள் வருகின்றன. ஐப்பசி ஓணம், கார்த்திகை விளக்கீடு, ஆதிரை, தைப்பூசம், மாசிக் கடலாட்டு, பங்குனி உத்திரம் என்பன முறையே இரண்டு முதல் ஏழு வரையுள்ள பாடல்களில் அமைகின்றன. ஆதிரை மார்கழிக்குரியது. ஆகவே ஐப்பசி முதற் பங்குனி ஈறாக ஆறு திங்களும் இடைவிடாது, ஒன்றும் முன்பின் ஆகாது நிற்கின்றன. எட்டாம் பாடல் அட்டமி நாளையும், ஒன்பதாம் பாடல் பொற்றாப்பு விழாவையும், பத்தாம் பாடல் பெருஞ்சாந்தியையும் கூறுகின்றன. இவை திங்கட் பெயரோடு வரவில்லை.

இவ்வடைவு தற்செயலாக அமைந்தது எனல் பொருந்தாது. சம்பந்தர் பதிகங்களில் எட்டாம் பாடல் அரக்கனையும், ஒன்பதாம் பாடல் அயன்மாலையும், பத்தாம் பாடல் சமண சாக்கியரையும் குறித்தல் பெரும்பான்மை வழக்கு. அவ்வழக்கு இப்பதிகத்திலும் பிறழவில்லை. அவ்வழக்கின் கட்டுக்கு உட்படாத இரண்டு முதல் ஏழு வரையிலான பாடல்களிலேயே திங்கள் முறை வைப்பு முழுமையாக நிற்கின்றது. யாப்பு மரபு இடந்தந்த அளவெல்லாம் புலவர் காலத்தை வரிசைப்படுத்தியுள்ளார் என்பது இதனால் விளங்கும்.

மற்றொன்றும் கருதத்தக்கது. ஓணம், கார்த்திகை, ஆதிரை, பூசம், உத்திரம் என்பன விண்மீன்களின் பெயர்கள். நாள் என்னும் தமிழ்ச்சொல் பகலிரவு கூடிய பொழுதையும் குறிக்கும், விண்மீனையும் குறிக்கும். ஆகவே இப்பதிகம் எண்ணும் காலம் வெறும் எண்ணிக்கையன்று. வானத்து மீனும் திங்களும் தம்முட் கூடி வரும் காலம். சென்றது மீண்டும் வரும் காலம். மனிதன் வாழ்நாள் நேர்கோட்டிற் செல்வது. விழாவின் காலம் வட்டமாகச் சுழல்வது. நேர்கோட்டில் அறுந்துபோன ஒரு வாழ்வைச் சுழலும் காலத்தோடு மீண்டும் பிணைப்பதே பதிகத்தின் செயலாகின்றது. ஒரு விழாவைக் காணாது விட்டவர்க்கு அடுத்த ஆண்டு அவ்விழா மீண்டும் உண்டு. இறந்தார்க்கு மட்டுமே அஃது இல்லை. அவ்வில்லாமையைத்தான் புலவரின் வினா ஏற்க மறுக்கின்றது.

விழாக்களை அவர் காட்டும் முறையும் நோக்கத்தக்கது. விளக்கீட்டினை இளமகளிர் கொண்டாடுகின்றனர். தைப்பூசத்தில் அணிகலன் பூண்ட மகளிர் நெய் கலந்த சோற்றோடு விழா எடுக்கின்றனர். இம்மகளிர் யார்? பூம்பாவை இறவாது வளர்ந்திருப்பின் அவளும் அவருள் ஒருத்தியாக நின்றிருப்பாள். அவள் கண்ட விழாவை நினைவூட்டுவதோடு, அவள் ஆகியிருக்க வேண்டிய மகளையும் பாட்டு அவள்முன் நிறுத்துகின்றது. கடந்த காலத்திற்கு அழைக்காமல், வாராது போன எதிர்காலத்திற்கு அழைக்கும் அழைப்பு இது.

சேக்கிழார் கண்ட அளவு

பதிகம் தோன்றி ஏறத்தாழ ஐந்து நூற்றாண்டுகள் கழிந்தபின், 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இதன் வரலாற்றை விரித்துரைத்தார். அவரை வரலாறு கூறுபவராக மட்டும் கொள்ளுதல் அவர்க்கு இழைக்கும் குறையாகும். இப்பதிகத்திற்கு வாய்த்த முதற்பெருந் திறனாய்வாளர் அவரே என்பது நம் துணிபு.

முதலாவது, பதிகத்தின் அமைப்பினை அவர் ஒரே பாட்டிற் பிழிந்து தருகின்றார். மண்ணிற் பிறந்தார் பெறும் பயன் அடியாரை அமுது செய்வித்தலும், கண்ணினால் நல்விழாப் பொலிவு கண்டு மகிழ்தலுமே எனின், நீ உலகத்தார்முன் வருக என்று சம்பந்தர் கூறியதாக அவர் அமைத்துள்ளார். அமுது செய்வித்தல் பதிகத்தின் முதற்பாடற் பொருள். விழாக் காண்டல் ஏனைய பாடல்களின் பொருள். பதிகத்தின் இரு கூறுகளும் இங்ஙனம் ஒரு வாழ்க்கைக் கொள்கையாக உயர்கின்றன. ஏவல் மொழியைச் சேக்கிழார் பதிகத்திற்கு முன்னர் வைத்துவிட்டதும் அறியத்தக்கது. பதிகம் தொடங்கியபின் வினாவே தொழிற்படுகின்றது. போதியோ என்னும் சொல்லே அமுதமாய் வந்து வந்து அங்கத்திற் கூடி உருவாயிற்று என்பது அவர் உரைக்கும் முறை. விழாப் பெயரையோ இறைவன் பெயரையோ விடுத்து, அவ்வினைச்சொல் ஒன்றையே அவர் தெரிந்தெடுத்தது, பதிகத்தின் உயிர்நிலை எங்குள்ளது என்பதை அவர் கண்டறிந்தமைக்குச் சான்றாகும்.

இரண்டாவது, பாட்டின் எண்ணையே காலத்தின் அளவாக அவர் கொள்கின்றார். எடுத்த முதற்பாட்டில் வடிவு பெற்றாள். அடுத்த எட்டுப் பாட்டில் பன்னிரண்டு ஆண்டளவு எய்தினாள். சமணரைக் குறித்த பாட்டிற் குடம் உடைய வெளிப்பட்டாள் என்று அவர் வகுக்கின்றார். வடிவு பெறுவது ஒரு பாட்டு. வளர்வது எட்டுப் பாட்டு. அவ்வெட்டும் விழாக்களை எண்ணும் பாடல்களே என்பதை மறத்தலாகாது. திங்களை எண்ண எண்ண அவள் ஆண்டுகளைப் பெறுகின்றாள். ஒருத்தி வளர்தல் என்பது விழாக்கள் பல கண்டு முதிர்தலே அன்றி வேறு யாது? பதிகத்தினுட் புதைந்து கிடந்த கால அடைவை ஓர் உடலின் வளர்ச்சியாக மாற்றிக் காட்டிய இத்திறம் உரையாசிரியர் பலர்க்கும் வாய்க்காத நுண்மையுடையது.

மூன்றாவது, பாட்டிற்கு முன்னைய நிலையையும் அவர் பொருத்தமுற அமைத்துள்ளார். மகளைச் சம்பந்தருக்கே உரியவள் என முன்னரே உரைத்திருந்த வணிகர் சிவநேசர், என்பும் சாம்பரும் கொண்ட குடத்தைக் கன்னிமாடத்தில் வைத்து, அணையும் அணியும் அமைத்து, மாலையும் சாந்தும் மஞ்சனமும் அமுதும் நாள்தோறும் ஊட்டி வந்தார். தந்தை செய்ததும் ஒரு சடங்கே. ஆனால் அச்சடங்கு காலத்தை நிறுத்தி வைக்கும் சடங்கு. ஒரே நாளை மீண்டும் மீண்டும் நடத்தும் அன்பு அது. அதில் மகள் அழியவில்லை, வளரவும் இல்லை. பாட்டு வந்து அந்நின்ற காலத்தை ஓடச் செய்தது. துயருற்றோர் இறந்தாரைத் தம் நினைவில் அகவை மாறாது வைத்திருப்பர் என்னும் உலகியல் உண்மையை நினைப்பார்க்கு இவ்விடத்தின் அவலமும் அழகும் ஒருங்கே புலப்படும்.

அவிநாசியும் திருக்கடவூரும்

இதனோடு ஒத்த நிகழ்ச்சிகள் இரண்டினை எடுத்து ஒப்புநோக்கின் நம் கருத்து மேலும் தெளிவுபெறும்.

திருப்புக்கொளியூர் அவிநாசியில் முதலை விழுங்கிய சிறுவனைச் சுந்தரர் பாடி மீட்டார் என்பது முதலாவது. ஒரு மனையில் மகனுக்கு உபநயன மங்கல ஒலி. எதிர்மனையில் அதே அகவையில் மகனை இழந்தாரின் அழுகையொலி. இவ்விரண்டு ஒலிகளுக்கிடையே சுந்தரர் வந்து நிற்கின்றார். பதிகத்தின் நான்காம் பாடலில், பிள்ளையைத் தரும்படி காலனுக்குச் சொல்லுமாறு இறைவனை வேண்டும் ஏவல் வினை வெளிப்படையாகவே உள்ளது. அப்பாட்டு முடியுமுன்னரே, சென்ற ஆண்டுகளின் வளர்ச்சியும் பெற்றவனாய்ச் சிறுவன் முதலை வாயினின்றும் மீண்டான் என்கின்றார் சேக்கிழார். ஈண்டும் காலம் பின்னோக்கித் திரும்பவில்லை; இழந்த ஆண்டுகளே நிரப்பப்பட்டன. ஆனால் ஈண்டு வளர்ச்சி ஒரு நொடியில் வந்துவிடுகின்றது. ஏவலால் வந்த காலம் திடுமென வருவதும், வினாவால் வந்த காலம் பாட்டுத்தோறும் படிப்படியே வருவதும் சேக்கிழாரின் நுண்ணிய வேறுபாடுகள்.

திருக்கடவூர் அபிராமி பட்டர் வரலாறு இரண்டாவது. தஞ்சையை 1712 முதல் 1728 வரை ஆண்ட முதலாம் சரபோசி மன்னர் திதி யாதென வினவ, பட்டர் அமாவாசையைப் பௌர்ணமி என்று கூறிவிட்டார் என்பதும், எரியின்மேல் தொங்கும் உறியில் நின்று, பாட்டிற்கு ஒரு கயிறாக அறுபட, அந்தாதி பாடினார் என்பதும், 79ஆம் பாடலில் நிலவு தோன்றிற்று என்பதும் வழிவழியாக வழங்கும் செய்தி. ஈண்டும் பாட்டின் எண்ணே காலத்தின் அளவாயிற்று. ஆயினும் மாறியது ஒருவர் வாழ்நாள் அன்று, வானத்துத் திதி. அந்தாதியினுள் அத்திதி பற்றிய வேண்டுகோள் இல்லை. கதை பாட்டிற்கு வெளியே நிற்கின்றது. ஈறு முதலாகத் தொடுத்துத் தொடக்கத்திலேயே சென்று முடியும் அந்தாதியின் வட்ட யாப்பு, தேய்ந்து வளரும் நிலவின் கதையை ஈர்த்துக்கொண்டது எனலாம். மயிலைப் பதிகத்தில் கதையும் பாட்டும் இன்னும் நெருங்கிப் பிணைந்துள்ளன.

ஒரு தடையும் விடையும்

ஈண்டு ஒரு தடை எழும். பதிகத்தினுள் குடம் இல்லை, அரவு இல்லை, என்பு இல்லை. பூம்பாவாய் என்னும் விளி மட்டுமே உண்டு. மகளிரைப் பாவாய் என விளித்து அழைக்கும் மரபு பின்னர்த் திருப்பாவை, திருவெம்பாவைகளிற் பெருகி வளர்ந்தது. ஆகவே இதுவும் விழாக் காண வருமாறு ஒரு பெண்ணை அழைக்கும் பாட்டே. உயிர்த்தெழுந்த கதை பின்னர்ப் புனையப்பட்டது எனச் சொல்வாரும் உளர். போதி என்பது இறந்தகாலம் அன்று என நாம் காட்டியதும் அவர்க்கே துணையாகும் போலத் தோன்றும்.

இத்தடையை நாம் முற்றிலும் தள்ளவில்லை. பதிகத்தை மட்டும் கொண்டு ஒரு பெண் இறந்தாள் என நிறுவ இயலாது. அவிநாசிப் பதிகத்தில் உள்ளது போன்ற வெளிப்படையான அகச்சான்று ஈண்டு இல்லை என்பதை ஒப்புதல் நேர்மையாகும். ஆயினும் வெறும் விழா அழைப்பாயின் வருக என்றோ எழுக என்றோ கூறினாற் போதுமானது. பத்து முறையும் போதியோ எனப் போதலையே வற்புறுத்த வேண்டுவதில்லை. வருதலைக் கூறாது போதலைக் கூறி மறிக்கும் இம்மொழியில் பிரிவின் நிழல் படிந்துள்ளது. அந்நிழலை உணர்ந்தோரே கதையைப் போற்றி வளர்த்தனர். கதையிலிருந்து வினா பிறந்ததாயினும், வினாவிலிருந்து கதை பிறந்ததாயினும், இரண்டையும் பிணைப்பது அவ்வினைச்சொல்லின் காலமே. சேக்கிழார் அதனைப் பிழையறப் படித்தார் என்பதே நாம் கூற விரும்புவது.

முடிவுரை

காலத்தை மாற்றும் ஒலி என்னும்போது காலத்தைப் பின்னோக்கி ஓட்டுவதையோ நிறுத்துவதையோ நாம் எண்ணுகின்றோம். இப்பதிகம் அவ்விரண்டையும் செய்யவில்லை. நிறுத்தும் வேலையைத் தந்தையின் துயரம் செய்தது; பாட்டு அதனை அவிழ்த்தது. இழந்த ஆண்டுகளைத் திங்கள் திங்களாக எண்ணிக் கொடுத்தது. அவ்வாறு பெற்ற காலம் கொடுத்தவர்க்கும் உரியதாகவில்லை. சிவநேசர் மகளை மணத்திற்கு அளிக்க முன்வந்தபோது, என்னால் மீளப் பிறந்தவள் எனக்கு மகள் முறையாவாள் எனச் சம்பந்தர் மறுத்தார் என்பது புராணம். மீட்டுத் தந்த வாழ்வின்மேல் மீட்டவர் உரிமை கொள்ளவில்லை.

சம்பந்தர் பாடிய மயிலை கடற்கரைக் கானலைச் சார்ந்த மயிலை. இன்றுள்ள கபாலீச்சரத்தில் பங்குனிப் பெருவிழாவின் எட்டாம் நாள் பூம்பாவை உயிர்பெற்றெழுந்த நிகழ்ச்சி ஆண்டுதோறும் நடத்திக் காட்டப்பெறுகின்றது. அன்று பதிகமும் ஓதப்பெறுகின்றது. பங்குனி உத்திரத்தைப் பதிகம் ஒலிவிழா என்னும் பெயரால் குறித்தது. அவ்வொலிவிழாவைக் காணாதே போகின்றாயோ என ஒருத்தியை மறித்துக் கேட்ட பாட்டு, இன்று அவ்விழாவின் ஒலிகளுள் ஒன்றாகிவிட்டது. கேட்கப்பட்ட வினாவிற்கு விடை ஆண்டுக்கொரு முறை அத்தெருக்களிற் கிடைக்கின்றது: அவள் போகவில்லை.